வெறுஞ்சாக்கு எத்தனை கிலோ?

பிள்ளைகள் பயப்படுறது பின்னத்துக்கு இல்லை, பின்னத்தை வசனத்துக்குள்ள ஒளிச்சு வைக்கிற கணக்குக்குத்தான். "நீர் நிறைந்த பானையின் திணிவு 13 கிலோகிராம். பாதி நீரை ஊற்றிய பின் 7 கிலோகிராம். வெறும் பானையின் திணிவு யாது?" அந்த 'யாது'வைக் கண்டதும் பாதிப்பேர் பேனையை மூடிவிடுவார்கள்.

கெம்பஸ் விடுமுறையில் லுணுகலைக்கு வந்தால் லயத்துப் பிள்ளைகளுக்கு நாங்கள் நாலுபேர் வகுப்பெடுக்கிறோம். பானையைத் தூக்கிவிட்டு கொழுந்துச் சாக்கைப் போட்டோம். வித்தியாசம் 6, அது பாதிக் கொழுந்து. முழுக் கொழுந்து 12. அப்ப சாக்கு 1 கிலோ. உடனே ஒரு பிள்ளை கேட்டாள்: "ஏன்க்கா, வெறுஞ்சாக்கையே தராசில போட்டா முடிஞ்சுதே?"

முடிஞ்சுதுதான். ஆனால் மடுவத்தில் அதை யார் போட விடுகிறார்கள்?

எங்கள் அம்மாமாருக்கு ஒவ்வொரு நிறுவைக்கும் 2 கிலோ கழிப்பார்கள். சாக்குக்கும் தண்ணிக்கும் என்று சொல்லுவார்கள். இரண்டும் ஒரே மாதிரிக் கழிவு இல்லை. சாக்கின் பாரம் கொழுந்து கூடினாலும் குறைந்தாலும் மாறாது. ஈரம் அப்படியில்லை, கொழுந்தோடு கூடும், குறையும். அதைப் பின்னமாகத்தான் கழிக்க வேண்டும். 20 கிலோவில் 2 போனால் பத்தில் ஒன்று. 8 கிலோவில் 2 போனால் நாலில் ஒன்று! கை ஓயாத இளசுகளை விட, முட்டிவலியோடு மலை ஏறுகிற வயசான அம்மாவுக்குத்தான் பெரிய பின்னம் போகிறது. வெயில் நாளிலும் அதே 2தான், அது எந்தத் தண்ணியோ.

2021 மார்ச்சில் நாட்சம்பளம் 1000 ரூபாயானது: அடிப்படை 900, கொடுப்பனவு 100. பல தோட்டங்களில் கூடவே கிலோவையும் ஏற்றினார்கள். தோட்டத்துக்குத் தோட்டம் மாறும், நாங்கள் கரும்பலகையில் 18 என்று வைத்தோம். மூன்று நிறுவை, 8, 8, 8. மொத்தம் 24. கழிவு 6 போக 18, முழுப்பேர். கடைசி நிறுவை 7 ஆனால் 17. அரைப்பேர், 500 ரூபாய்.

ஒரு கிலோவின் விலை என்ன என்று கேட்டோம். 1000ஐ 18ஆல் பிரித்து 55 ரூபாய் சொச்சம் என்றான் ஒருவன். "இல்ல, 500" என்றாள் சாக்குக் கேள்வி கேட்டவள். இரண்டுக்கும் சரி போட்டோம். புத்தகக் கணக்கில் இப்படி இரண்டு விடை வராது, செக்ரோலில் வரும்.

அடுத்த நாள் அவள் அவங்க அம்மாவின் சாக்கைச் சுருட்டிக்கொண்டு போய் கடைத் தராசில் வைத்திருக்கிறாள். கொப்பியில் இருந்தது: 350 கிராம். பக்கத்தில் 2 கிலோவிலிருந்து கழித்து, மிச்சம் 1 கிலோ 650 கிராம் என்று எழுதி, கீழே இரண்டு கோடு போட்டிருந்தாள்.