பயணக்காரர் வீட்டுத் தறி

பத்தமடையில் நான் உட்கார்ந்து பேசிய வீடுகளில் பெரும்பாலும் ஆண்கள் இல்லை. "அவுக தம்மாம்ல இருக்காவ" என்றார் ஒருவர். "எங்க மச்சான் ரியாத்ல" என்றார் அடுத்தவர். பக்கத்துத் தெருவைச் சொல்கிற குரல்தான். திருநெல்வேலியிலிருந்து சேரன்மகாதேவி போகும் சாலையில் இருக்கிறது இந்த ஊர். அதன் பெயரை வெளியுலகுக்குக் கொண்டுபோன கோரைப்பாயை நெய்பவர்களில் மிகப் பலர் லெப்பை முஸ்லிம் குடும்பத்துப் பெண்கள். வெளிநாட்டுப் பணம் வருகிற மாதமும் உண்டு, வராத மாதமும் உண்டு. வராத மாதத்தில் வீடு எப்படி நடக்கிறது என்று கேட்கத்தான் போயிருந்தேன்.

இங்கே குழித்தறி கிடையாது. தரையிலிருந்து கொஞ்சம் உயரத்தில், இரண்டு மூங்கில்களுக்கு நடுவே பருத்திநூலைப் பாவாக இழுத்துக் கட்டியிருக்கிறார்கள். பாவுநூல்கள் ஒரு மர அச்சின் துளைகளுக்குள் நுழைந்து போகின்றன. பாவின் மேல் போட்ட பலகையில் குத்தவைத்து உட்கார்ந்து அச்சை ஒரு பக்கம் சாய்த்தால் நூல் பிரிந்து வழிவிடும். நீண்ட குச்சியின் நுனியில் கோரையைக் கோத்து அந்த வழியே விட்டு, அச்சால் ஒரு தட்டு. பிறகு அச்சை மறுபக்கம் சாய்த்து அடுத்த கோரை. காய்ந்தால் கோரை ஒடிந்துவிடும் என்பதால் பக்கத்தில் ஒரு சட்டியில் தண்ணீர். விரலை நனைத்துத் தெளித்துக்கொண்டே இருக்கிறார்கள். ஆடிக்காற்று அடிக்கும் நாட்களில் ஜன்னலைச் சாத்திக்கொண்டு நெய்வார்களாம்.

நெசவுக்கு முந்தைய வேலை அதைவிடப் பெரியது. பச்சையாக அறுத்த கோரையைக் காயவைத்து, ஓடுகிற தண்ணீரில் நாள்கணக்கில் ஊறப்போட்டு, மறுபடி காயவைத்துக் கீற வேண்டும். அறுபதைத் தாண்டிய ஓர் அம்மா சுவரில் சாய்ந்து கீறிக்கொண்டிருந்தார். நுனியை நகத்தால் பிளந்து கத்திமுனையை உள்ளே விட்டார். அதன்பின் கத்தி அசையவில்லை. கோரையைத்தான் இழுத்தார். உள்ளிருந்த சோறு தனியே உதிர, தோல் மட்டும் தலைமுடி போல மெலிந்து வந்தது. முழங்கால் மடங்காததால் அவர் பலகையில் உட்கார்வதை விட்டுப் பல வருடம் ஆகிறது. இப்போது மருமகளுக்குக் கோரை கீறித் தருகிறார்.

1990 ஆகஸ்டில் ஈராக் படை குவைத்துக்குள் நுழைந்தபோது இவருடைய கணவர் அங்கே இருந்தார். "கடுதாசி இல்ல, போனும் இல்ல. ரேடியோல என்னமாச்சும் சொல்லுவான். கைப்பிள்ளைய மடியில போட்டுக்கிட்டு நெய்தேன். கை நின்னா நெஞ்சு அடிச்சுக்கிடும்." ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்களை ஜோர்டானின் அம்மான் வழியாக விமானத்தில் அழைத்து வந்தார்களே, அந்தக் கூட்டத்தில் அவரும் வந்து சேர்ந்தார். உடுத்திய துணியோடு வந்தாராம். அதுவரை வீட்டுக்கு அரிசி வாங்கியதும், வந்தவருக்குச் சட்டை எடுத்துக் கொடுத்ததும் பாய்க்காசில். அந்த அம்மா இதைப் பெருமையாகச் சொல்லவில்லை. கணக்கு ஒப்பிப்பதுபோல் சொன்னார். தனிமை, ஏக்கம் என்று நான் எடுத்துப்போன சொற்களை அந்தக் கணக்கின் முன்னால் வெளியே எடுக்க மனம் வரவில்லை.

மருமகளின் கதை வேறு மாதிரி. விசாவுக்கு அவருடைய நகைதான் அடகுக்குப் போனது. இகாமா (தங்கும் அனுமதி), கஃபீல் (வேலைக்கு எடுத்த பொறுப்பாளர்), ஹுரூப் (ஓடிப்போனதாகப் பதிவது) என்ற சொற்கள் ரேஷன் கார்டு, பட்டா என்பதுபோல் சர்வசாதாரணமாக அவர் பேச்சில் வருகின்றன. இகாமா புதுப்பிக்காவிட்டால் என்ன ஆகும், கஃபீல் ஓடிப்போனவன் என்று எழுதிக்கொடுத்தால் எந்த வழக்கில் மாட்டுவார்கள் என்பதெல்லாம் அத்துபடி. உள்நாட்டவருக்கு வேலை ஒதுக்கச் சவூதி அரசு 2011-ல் அறிவித்து 2013-ல் இறுக்கிய நிதாகத் திட்டத்தின்போது கணவர் வேலை இழந்து ஊருக்கு வந்தார். பிறகு வேறு விசாவில் போனார். 2020-ல் கொரோனாவில் சம்பளம் இல்லாமல் அறைக்குள்ளேயே முடங்கிக் கிடந்தார். அந்த மாதங்களில் இங்கே பாய் வாங்கவும் ஆள் இல்லை. "அப்போதான் ரெண்டு பக்கமும் அடைச்சுப்போச்சு. இருந்த ஒரு சோடி வளையலும் போயிட்டு."

வெள்ளிக்கிழமை அங்கே விடுமுறை. வீடியோ காலில் போனை ஜன்னல் திண்டில் சாய்த்து வைத்துவிடுவாராம். "பேச என்ன இருக்கு? அவுக சோறு பொங்குவாவ, நான் நெய்வேன். அப்பப்போ ரசத்துக்கு என்ன போடணும்னு கேப்பாவ."

அன்று பாவில் இருந்தது கல்யாணப் பாய். மணமக்கள் பெயர் போட்டு நெய்வது இங்கே பழைய வழக்கம். கட்டம் போட்ட தாளில் எழுத்தை வரைந்து பக்கத்தில் வைத்துக்கொண்டு, எந்த நூலின் மேல் நிறக்கோரை ஏற வேண்டும் என்று மருமகள் உதடு அசைய எண்ணுகிறார். நயத்தை வைத்துப் பாய்க்கு 100, 120, 140 என்று எண் சொல்கிறார்கள். எண் ஏற ஏற, பட்டுத்துணி மாதிரி மடியும். உயர்ந்த ரகப் பாய் ஒன்றுக்கு மாதக்கணக்கில் உட்கார வேண்டியிருக்கும். ஒரு சுழி பிசகினாலும் கூலியில் பிடித்தம்.

என்னைச் சுட்டது இந்தக் கூலிதான். பாய்க்கு இவ்வளவு என்று மொத்தமாகத் தருகிறார்கள். கோரை கீறிய நாட்களும், சாயம் காய்ச்சிய நாளும், மாமியாரின் விரலும் அதற்குள் அடங்கிவிடுகின்றன. ஊருக்குள் விசாரித்தபோது வாங்கி விற்பவர் ஒருவர், "சமையல், பிள்ளைக போக மிச்ச நேரத்துல செய்யுற வேலைதானே" என்றார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அப்படித்தான் நம்புகிறார். கூலி ஏறாததற்கு இந்த நம்பிக்கைதான் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது. கணவர் அனுப்புவது வருமானம், மனைவி நெய்வது கைச்செலவு என்று பிரித்து வைத்துவிட்டார்கள். நான் பார்த்த வீட்டில் சவூதிப் பணம் அடகுக்கடைக்கும் விசாக் கடனுக்கும் போய்விடுகிறது. பள்ளிக் கட்டணமும் குழுக் கடன் தவணையும் பாவிலிருந்துதான் அறுத்து எடுக்கப்படுகின்றன.

1953-ல் எலிசபெத் ராணியின் முடிசூட்டு விழாவுக்கு இங்கிருந்து பாய் போனதாக ஊரில் எல்லோரும் சொல்வார்கள். கோரையை ஊறவைத்து மெலிதாக்கும் நுட்பத்தைக் கண்டறிந்தவராக ஹசன் பாவா லெப்பையின் பெயரைச் சொல்வார்கள். 2013-ல் புவிசார் குறியீடும் கிடைத்தது. இவ்வளவு பெயர் பெற்ற தொழிலில், நெய்கிறவர் கூலியைத் தானே சொல்வதற்கு இன்னும் தயங்க வேண்டியிருக்கிறது. பிளாஸ்டிக் பாய் ஒரு பக்கம் நெருக்குகிறது. தாமிரபரணிக் கரையில் முன்போல் கோரை கிடைப்பதில்லை. கரூர், முசிறிப் பக்கமிருந்து வரும் கட்டுகளுக்கு முதலில் பணம் கட்ட வேண்டும். பத்தாம் வகுப்பு படிக்கும் மகளைப் பலகையில் உட்கார வைக்க இந்தத் தாய்க்கு மனமில்லை. தொழில் அழிகிறதே என்று இதற்காக அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது.

பேசிக்கொண்டிருந்தபோதே வியாபாரியின் போன் வந்தது. இன்னொரு பெயர்ப் பாய், அடுத்த மாதக் கல்யாணம். ஸ்பீக்கரில் போட்டுவிட்டுக் கோரையை விட்டுக்கொண்டே மருமகள் பேசினார்.

"எழுத்துக்குத் தனிக்கூலி போட்ருங்க மொதலாளி. பாதி முன்பணம் வரணும். வந்தாத்தான் பாவு இழுப்பேன்."

சென்னைக் கடைக்காரரைக் கேட்க வேண்டும் என்றார் வியாபாரி.

"கேட்டுட்டுச் சொல்லுங்க. அதுவரைக்கும் சாதாப் பாய் ஒண்ணு போட்டுக்கிடுதேன்" என்று சொல்லிப் போனை வைத்தார் மருமகள். மாமியார் கீறுவதை நிறுத்திவிட்டு, "முழுப் பணமும் கேட்டிருக்கலாம்லா" என்றார்.