இடம் வலம்

குப்பத்துத் தெருவில் ஸ்கூட்டரை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் யோசித்தேன். வலை இடப்பக்கம் கிடக்கிறது. சட்டமும் என்னை இடப்பக்கம்தான் போகச் சொல்கிறது. எதை மிதிப்பது?

சென்னையின் ஊரூர் ஒல்காட் குப்பத்தில் காலை எட்டு மணிக்குத் தெரு என்பது ஒரு பேச்சுக்குத்தான். அங்கே வலை பொத்துகிறார்கள், தலை வாருகிறார்கள், சண்டை போடுகிறார்கள், வாசலில் ஒரு ஆட்டோவைக் குளிப்பாட்டுகிறார்கள். அன்றைக்கு ஒரு நீல நைலான் வலை பாதித் தெருவை எடுத்துக்கொண்டிருந்தது. அதன் ஓரத்தில் ஒரு பெரியவர் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். கால் கட்டைவிரலில் வலைக்கண்ணை மாட்டி இழுத்துப் பிடித்தபடி ஊசியை ஓட்டிக்கொண்டிருந்தார். தலையைத் தூக்காமலே “அந்தப் பக்கமாப் போ சார்” என்றார். அந்தப் பக்கம் என்றால் வலப்பக்கம். அங்கே எதிரில் கேனைக் கட்டிக்கொண்டு ஒரு பால்காரர் வந்துகொண்டிருந்தார். அவருக்கு அதுதான் சரியான பக்கம்.

வேறு யாராக இருந்தாலும் யோசிக்காமல் போயிருப்பார்கள். நான் கார் ஓட்டக் கற்றுக்கொண்டதே ஓய்வு பெற்ற பிறகுதான். அறுபது வயதில் சாலை விதி படிப்பவன் முதல் வருஷம் மாலை போட்ட கன்னிசாமி மாதிரி; குருசாமியைவிடக் கறாராக இருப்பான். எனக்குப் பயிற்சி கொடுத்த தம்பி திரும்பத் திரும்பச் சொன்ன மந்திரம் ஒன்றே ஒன்று: “லெஃப்ட்ல ஒட்டி சார், லெஃப்ட்ல ஒட்டி.” ஒட்டி என்றால் எவ்வளவு என்று அவர் சொல்லவில்லை. நான் ஒட்டிய ஒட்டில் இடப்பக்கக் கண்ணாடி ஒரு இளநீர் வண்டியோடு போய்விட்டது.

அப்புறம்தான் விதி உண்மையில் என்ன சொல்கிறது என்று தேடிப் படித்தேன். 1989-ஆம் வருஷத்துச் சாலை விதிகள் வண்டியைச் சாலையின் இடப்பக்கமாக ஓட்டச் சொல்கின்றன. எதிரே வருகிறவர்கள் நம் வலப்பக்கமாகக் கடந்துபோக வழிவிடச் சொல்கின்றன. எவ்வளவு இடப்பக்கம்? அனுகூலப்பட்ட வரையில். ஆங்கில மூலத்தில் இருப்பதன் சாரம் அவ்வளவுதான். 2017-ல் அந்த விதிகளுக்குப் பதிலாகப் புதிய ஒழுங்குமுறைகள் வந்தன. 2019-ல் சட்டத்தைத் திருத்தி, ஒழுங்குமுறையை மீறினால் 500 ரூபாயிலிருந்து 1000 ரூபாய் வரை அபராதம் என்று வைத்தார்கள். ஆனாலும் மொத்தச் சென்னையும் இன்று வரை அந்த ‘அனுகூலப்பட்ட வரையில்’தான் ஓடிக்கொண்டிருக்கிறது. எல்.பி. ரோட்டில் மாலை ஆறு மணிக்கு நின்று பார்த்தால் யாருக்கு எது அனுகூலம் என்று தெரியும்.

இந்த ‘இடம்’ என்கிற சொல்லை நினைத்தால் எனக்குப் பாவமாக இருக்கிறது. வலத்துக்கு வலிமை, வெற்றி என்று அகராதி வாரிக் கொடுத்திருக்கிறது. இடத்துக்கு என்ன கொடுத்தது? இடம். இருக்கிற இடம், நிற்கிற இடம், அவ்வளவுதான். வண்டி மாட்டில்கூட இடத்தை, வலத்தை என்று பெயர் வைத்து, எந்த மாடு எந்தப் பக்கம் என்பதை நுகத்தடியிலேயே முடிவு செய்தார்கள். பக்கம் மாற்றிப் பூட்டினால் மாடு முரண்டு பிடிக்கும். எங்கள் பயிற்சித் தம்பி மாட்டுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தால் என்னைவிட நன்றாகக் கற்றிருக்கும்.

ஆனால் என் வாழ்க்கையில் நான் முதலில் பார்த்த சாலை விதி வேறு. அது மயிலாப்பூர் மாட வீதியில்.

பங்குனிப் பெருவிழாவின் ஏழாம் நாள் தேர். மறுநாள் அறுபத்துமூவர் என்பதால் ஊர் முழுக்க அதற்காகக் காத்திருக்கும். தாத்தாவுக்கோ தேர்தான் முக்கியம். எனக்கு ஆறு வயதோ ஏழு வயதோ. தேர் எந்த மூலையில் திரும்புமோ அந்த மூலையில்தான் நிற்க வேண்டும் என்பார். நேராகப் போகிற தேரை எவனும் பார்க்கலாம் என்பது அவர் கட்சி. ஒரு வீட்டுத் திண்ணையில் ஏறி என்னைத் தோளில் உட்காரவைத்துக்கொள்வார். வடம் முதலில் வரும். வடம் பிடித்த கைகள் வரும். அதற்கும் பின்னால், வீட்டு மாடியைத் தாண்டின உயரத்தில், துணிக் குடையெல்லாம் அசைந்துகொண்டு தேர் வரும். அதற்கு முன்னால் தெருவில் இருந்த சகலமும் ஓரமாகிவிடும். சைக்கிள்களைத் தூக்கித் திண்ணையில் போடுவார்கள். பலூன்காரர் சுவரோடு சுவராக ஒட்டிக்கொள்வார். நான் பார்த்துக்கொண்டே இருப்பேன்: இவ்வளவு பெரிய தேர் இந்த மூலையில் எப்படித் திரும்பும்? அதற்கு ஸ்டீயரிங் கிடையாதே!

திரும்புகிற நேரத்தில் தாத்தா என் தலையைப் பிடித்துக் கீழே பார்க்க வைத்தார். “மேலே பார்க்காதே. சக்கரத்தைப் பார்.” சக்கரத்தடியில், ஆள் இருப்பதே தெரியாத மாதிரி, வேட்டியைத் தார்ப்பாய்ச்சிக் கட்டிய ஒருவர் குனிந்து நின்றார். கையில் நீளக் கம்பு வைத்த மரக்கட்டை. முட்டுக்கட்டை. தேர் உருள உருள அவர் அந்தக் கட்டையைச் சக்கரத்துக்கு முன்னால் ஒரு கோணத்தில் நுழைப்பார். கிறீச்சென்று ஒரு சத்தம். சக்கரம் கட்டையில் ஏறிச் சறுக்கும். அத்தனை டன் மரமும் ஒரு சாண் திரும்பும். கட்டையை உருவி, மறுபடி நுழைப்பார். மறுபடி ஒரு சாண். கருகின மரத்தின் வாசனை திண்ணை வரைக்கும் வந்தது. எப்போது நுழைப்பது, எப்போது உருவுவது என்பது கணநேர விஷயம். தப்பினால் கை போய்விடும். “சாமி ஓனர். இவன்தான் டிரைவர்” என்றார் தாத்தா. சங்கத் தமிழில் தேரோட்டிக்கு வலவன் என்று பெயர் என்று பிறகு படித்தபோது எனக்கு அந்தக் கட்டைக்காரர் முகம்தான் வந்தது. வல்லவன் என்ற பொருளில் வந்த சொல்லாம் அது. வலப்பக்கம் உட்காருகிறவன் என்று நானாக நினைத்துக்கொண்டிருந்தேன். நம் ஊர்க் காருக்கு அதுவும் பொருந்தத்தான் செய்கிறது.

இன்று ஒருவர் காரியத்தைக் கெடுத்தால் முட்டுக்கட்டை போடுகிறான் என்கிறோம். அந்தக் கட்டை இல்லாவிட்டால் தேர் மாட வீதி மூலையில் ஒரு வீட்டுக்குள் போய்விடும் என்பது யாருக்கும் நினைவில்லை.

தேர் வலம் வருகிறது என்கிறோம். கோயில் அதற்கு வலப்பக்கம் இருக்கும். நம் ரவுண்டானாவிலும் அப்படியே, நடுமேடை நமக்கு வலப்பக்கம் இருக்க வேண்டும். ஆக, இடப்பக்கம் வண்டி ஓட்டுகிற தேசத்தில் ஒவ்வொரு ரவுண்டானாவும் ஒரு பிரதட்சிணம். அமெரிக்காவில் பிள்ளை வீட்டுக்குப் போய்வந்த என் நண்பர் அங்கே ரவுண்டானாவை எல்லாரும் அப்பிரதட்சிணம் செய்வதைப் பார்த்து முதல் நாள் கண்ணை மூடிக்கொண்டாராம். அந்த அமெரிக்காவிலிருந்து வந்தவர்தான் கர்னல் ஒல்காட். 1882-ல் பிளாவட்ஸ்கி அம்மையாரோடு அடையாற்றுக் கரையில் பிரம்மஞான சபையைக் கொண்டுவந்து நிறுத்தினார். வலப்பக்கம் ஓட்டுகிற தேசத்துக்காரர் பெயர் இந்தக் குப்பத்தோடு ஒட்டிக்கொண்டது. பக்கத்துக் கடற்கரையின் பெயர் இன்னும் வேடிக்கை. எட்வர்ட் எலியட் சென்னையில் போலீஸ் சூப்பிரண்டாக இருந்தவர். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் எலியட்ஸ் பீச்சில் வண்டிகள் நிற்கிற அழகை அவர் வந்து பார்க்க வேண்டும்.

பக்கம் மாறுவது ஒன்றும் நடக்காத காரியமில்லை. ஸ்வீடன் தேசம் 1967 செப்டம்பர் 3-ஆம் தேதி விடிகாலை ஐந்து மணிக்கு இடத்திலிருந்து வலத்துக்கு மாறியது. ஒரு தேசமே வண்டியை நிறுத்தி, எதிர்ப்பக்கத்துக்கு நகர்த்தி, மறுபடி கிளம்பியது. பர்மா 1970-ல் மாறியது. ஸ்வீடன் மாறிய அதே 1967-ல்தான் இங்கே அடையாற்று முகத்துவாரத்தில், மீனவர்கள் அக்கரைக்குப் போய்வர, ஒரு பாலம் கட்டினார்கள். பத்து வருஷம் தாங்கியது. 1977-ல் வெள்ளம் நடுவில் ஒரு துண்டைக் கொண்டுபோய்விட்டது. இன்றைக்கு அது உடைந்த பாலம். படம் எடுக்க வருகிறவர்களுக்குத்தான் பயன்படுகிறது. அதில் இடம் வலம் பற்றிக் கவலையில்லை. போய்க்கொண்டே இருந்தால் ஆறு.

குப்பத்துத் தெருவில் நான் வண்டியை ஸ்டாண்ட் போட்டு நிறுத்தியதைப் பார்த்துப் பெரியவருக்கு என் மேல் கொஞ்சம் இரக்கம் வந்தது. “இன்னா சார் யோசிக்கிற?” சட்டத்தைச் சொன்னேன். சிரித்தார். “தண்ணியில லெஃப்ட்டு ரைட்டுலாம் யாரு பாக்குறா? அலைக்கு மூஞ்சியக் காட்டு, இல்ல முதுகக் காட்டு. இடுப்ப மட்டும் காட்டாத. கவுத்து உட்டுரும்.”

மீன் வாங்கியதும் நேரே மணலுக்குப் போய் நின்றேன். ஒரு ஃபைபர் போட்டு வெளியே, அலை உடைகிற இடத்துக்கு அப்பால், சும்மா ஆடிக்கொண்டு நின்றது. ஏன் வரவில்லை என்று முதலில் புரியவில்லை. அவர்கள் அலையை எண்ணிக்கொண்டிருந்தார்கள். பெரிய அலைகள் இரண்டு மூன்று போய்விட்டன. அடுத்ததன் முதுகுக்குப் பின்னாலேயே மோட்டாரை முறுக்கிக் கிளம்பினார்கள். போட்டின் முனை கரையைப் பார்த்து ஊசி மாதிரி நேராக இருந்தது. பின்னால் இருந்தவர் துளி திருப்பினாலும் அலை பக்கவாட்டில் அறைந்திருக்கும். மணல் தட்டுவதற்கு ஒரு நொடி முன்னால் மோட்டாரைத் தண்ணீரிலிருந்து தூக்கினார். குதித்து இறங்கி ஆளுக்கொரு பக்கம் பிடித்து இழுத்தார்கள். அத்தனை போட்டுகள் வரிசையாக நிற்கிற மணலில் ஒரு கோடு கிடையாது, ஒரு எண் கிடையாது. அது தன் இடத்தில் போய் நின்றது.

கடலில் இடம் பிடிக்கிற வித்தையையும் பெரியவர்தான் சொன்னார். கரையில் இரண்டு அடையாளம், ஒன்றின் பின்னால் ஒன்று: மாதா கோயில் கோபுரம், அதற்குப் பின்னால் ஒரு மாடிக் கட்டடம். இரண்டும் ஒட்டி நின்றால் ஒரு கோடு. வேறு பக்கம் இன்னொரு ஜோடி, அது இன்னொரு கோடு. இரண்டும் வெட்டிக்கொள்கிற புள்ளியில் மீன் இருக்கிறது. இப்போது பிள்ளைகள் ஜி.பி.எஸ். வைத்திருக்கிறார்கள். “பேட்டரி போச்சின்னா எங்கள கேப்பானுங்க” என்றார்.

ஆனால் தண்ணீரில் லெஃப்ட் ரைட் இல்லை என்று அவர் சொன்னது முழுக்கச் சரியில்லை. கப்பல்கள் மோதாமல் இருக்க 1972-ல் சர்வதேச விதிகள் எழுதினார்கள். 1977 ஜூலையில், பாலம் உடைந்த அதே வருஷம், அமலுக்கு வந்தன. குறுகிய நீர்வழியில் போகும் கப்பல் வலப்பக்க எல்லையை ஒட்டிப் போக வேண்டும். எவ்வளவு ஒட்டி? பத்திரமாகவும் சாத்தியமாகவும் உள்ள வரையில்! நிலத்துச் சட்டம் எழுதியவரும் நீர்ச் சட்டம் எழுதியவரும் ஒரே பள்ளிக்கூடத்தில் படித்திருப்பார்கள் போலிருக்கிறது. இயந்திரக் கப்பல்கள் இரண்டு நேருக்கு நேர் வந்தால் இரண்டும் வலப்பக்கம் திரும்ப வேண்டும். குறுக்கே வந்தால், யாருக்கு மற்றவர் வலப்பக்கம் தெரிகிறாரோ அவர்தான் வழிவிட வேண்டும். நம் நாற்சந்தியிலும் பழைய விதி இதுதான்: இரண்டு சாலையும் சமம் என்றால் வலப்பக்கமிருந்து வருகிறவருக்கு முதல் உரிமை. நிலமும் நீரும் மற்றதில் எதிரெதிர்; இதில் மட்டும் ஒன்று.

அதே கடல் விதிகளில் இன்னொன்று. வலை விரித்து மீன்பிடித்துக்கொண்டிருக்கும் படகுக்கு, இயந்திரத்தில் ஓடுகிற கலம் ஒதுங்கி வழிவிட வேண்டும். சரக்குக் கப்பலானாலும் சரி. இதைப் படித்த அன்று எனக்குத் தெருவில் நடந்தது விளங்கியது. என்னுடையது இயந்திரத்தில் ஓடுகிற வண்டி. அவர் வலையோடு இருந்தார். ஒதுங்க வேண்டியவன் நான்தான்.

இந்த நியாயம் கரைக்கு வரும்போது தலைகீழாகிவிடுகிறது. பட்டினப்பாக்கத்துப் பக்கம் மெரினா லூப் ரோட்டில் 2023 ஏப்ரலில் நடந்ததைப் பேப்பரில் படித்திருப்பீர்கள். சாலையோர மீன்கடைகள் போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று உயர் நீதிமன்றம் வரை விஷயம் போனது, கடைகளை அகற்றினார்கள், மீனவர்கள் அந்தச் சாலையிலேயே போராட்டத்தில் இறங்கினார்கள். அடுத்த வருஷம் நொச்சிக்குப்பத்தில் அங்காடி கட்டிக் கொடுத்தார்கள். அங்காடி நல்லதுதான். ஆனால் குப்பம் சாலைக்குள் வரவில்லை. சாலைதான் குப்பத்துக்குள் வந்தது. வந்த பிறகு, ஏற்கெனவே இருந்தவர்களைப் பார்த்து ஓரமாகப் போகச் சொன்னது. கலங்கரை விளக்கத்திலிருந்து கடலோரமாகவே அடையாற்று முகத்துவாரத்தைத் தாண்டி பெசன்ட் நகருக்கு ஒரு சாலை இழுக்கிற யோசனையும் அவ்வப்போது தலைதூக்குகிறது. அது வந்தால் அகலமாக, வெள்ளைக் கோடெல்லாம் போட்டு, லேன் ஒன்றுக்கு மூன்றரை மீட்டர் என்று அளந்து போடுவார்கள். அந்த நீல வலையை மட்டும் விரித்தால் ஒரு லேன் போதாது.

நான் இப்போது வண்டியைக் குப்பத்துக்குள் கொண்டுபோவதில்லை. மீன் வாங்க வருகிறவர்களுக்கும் அதையே சொல்கிறேன்: வெளியே நிறுத்திவிட்டு நடந்து வாருங்கள். நடைபாதை இல்லாத தெருவில் நடக்கிறவர்கள், எதிரே வருகிற வண்டி கண்ணில் படும்படி, வலப்பக்கமாகத்தான் நடக்க வேண்டும். வலை எப்படியும் இடப்பக்கம்தான் காய்ந்துகொண்டிருக்கும்.