அடக்க வேண்டியது முடியையா?



அண்மையில் நடந்த பெற்றோர் சந்திப்பில் தொடக்கநிலை நான்கு மாணவி ஒருத்தியின் தாயார், பாடத்தைப் பற்றிப் பேசி முடித்தபின் தயங்கித் தயங்கி ஒன்று கேட்டார்: "டீச்சர், இவளுடைய முடி அடங்கவே மாட்டேன் என்கிறது. காடு போல இருக்கிறது என்று பிள்ளைகள் கேலி செய்கிறார்களாம். கடையில் கொடுத்து நேராக்கிவிடலாமா?" அருகிலிருந்த சிறுமி தலை நிமிரவேயில்லை. இக்கேள்வி பலருக்கும் இருக்கக்கூடும் என்பதால் என் கருத்தை இங்கே எழுதுகிறேன்.

முதலில் காரணத்தை அறிவோம். சிங்கப்பூரில் காற்றின் சராசரி ஈரப்பதம் 80 விழுக்காட்டுக்கும் மேல். முடியிலுள்ள கெரட்டின் என்னும் புரதம் அந்த ஈரத்தை உறிஞ்சும்போது, அதனுள் இருக்கும் மென்மையான பிணைப்புகள் அவிழ்ந்து வேறு விதமாக இணைகின்றன. அதனால்தான் காலையில் படிய வாரிய சுருள்முடி, பள்ளிக்கு வந்து சேர்வதற்குள் பொங்கி எழுகிறது. இதில் பிள்ளையின் சோம்பலும் இல்லை. தாயின் கவனக்குறைவும் இல்லை.

இந்நகரம் முடியின் நீளத்தைக் கண்டித்த காலம் ஒன்றுண்டு. 1970களில், நீளமுடி வைத்த ஆடவருக்குக் கடைசியாகவே சேவை வழங்கப்படும் என்ற அறிவிப்புகள் அரசாங்க அலுவலகங்களில் தொங்கின. முடி புருவத்தைத் தொடுகிறதா, காதை மறைக்கிறதா, சட்டைக் கழுத்துப்பட்டிக்குக் கீழே இறங்குகிறதா என்று அளவும் சொல்லப்பட்டது. அது சரியா தவறா என்பது வேறு விவாதம். ஆயினும் நீளம் என்பது ஒருவர் வைத்துக்கொள்வது. அடர்த்தியோ பிறப்பிலேயே வாய்ப்பது. முன்னதற்கு விதி எழுதலாம். பின்னதற்கு எழுதினால் அது பிள்ளையின் உடலையே குற்றமாக்கிவிடும். தென்னாப்பிரிக்காவின் பிரிட்டோரியா நகரில் 2016இல் கறுப்பின மாணவியர் தம் இயல்பான முடிக்காகப் போராடியதும், 2019இல் கலிஃபோர்னியா மாநிலம் முடியின் இயல்பை வைத்துப் பாகுபாடு காட்டுவதைச் சட்டத்தால் தடுத்ததும் இதனால்தான்.

எனவே ஆசிரியர்களாகிய நாம் மாணவியிடம் தூய்மையையும், முடி முகத்தில் விழாமல் கட்டப்பட்டிருப்பதையும் எதிர்பார்க்கலாம். முடி மெலிந்து படிந்திருக்க வேண்டும் என்று எதிர்பார்த்தல் ஆகாது.

பெற்றோருக்குச் சில நடைமுறைக் குறிப்புகள். சுருண்ட அடர்முடியை உலர்ந்த நிலையில் வாராதீர்கள். குளித்தபின் ஈரமாக இருக்கும்போது கண்டிஷனர் தடவி, அகன்ற பல் சீப்பால் நுனியிலிருந்து தொடங்கி மேல்நோக்கிச் சிக்கெடுங்கள். சிறிதளவு எண்ணெய் பூசி இரட்டைப் பின்னல் இட்டால் பாரம் இருபுறமும் பகிரப்படும். இறுக்கிப் பின்னினால் நாளடைவில் நெற்றியோரத்து முடி உதிரும். முடியை நேராக்கும் மருந்துகள் சிலவற்றிலிருந்து ஃபார்மால்டிஹைடு ஆவி வெளிப்படுகிறது. அது புற்றுநோய் விளைவிப்பது என 2004லேயே வகைப்படுத்தப்பட்ட பொருள். பத்து வயதுப் பிள்ளைக்கு அது வேண்டவே வேண்டாம். தேக்காவில் கிடைக்கும் நல்லெண்ணெயும், சற்றுப் பொறுமையும் போதும்.

இன்னொன்றையும் பிள்ளைக்குக் கொடுங்கள்: சொற்கள். கூந்தல், குழல், ஓதி, கதுப்பு, அளகம் என்று பெண்ணின் முடிக்குத் தமிழில் எத்தனை பெயர்கள்! 'ஐம்பால்' என்ற சங்கச் சொல்லுக்குக் குழல், கொண்டை, சுருள், பனிச்சை, முடி என ஐந்து வகை ஒப்பனையை உரையாசிரியர்கள் காட்டுவர். அந்த ஐந்தில் சுருளும் ஒன்று என்பதைக் கவனியுங்கள். அடர்ந்த கூந்தலைக் கார்மேகத்துக்கு ஒப்பிட்ட மொழியைக் கற்கும் சிறுமி, தன் தலைமுடிக்குக் 'காடு' என்ற ஒரே பெயரைக் கேட்டு வளர்வது எவ்வளவு பெரிய முரண்!

வீட்டில் நாம் "அடக்கு" என்று சொல்வதை இன்றே நிறுத்துவோம். "பேணு" என்று சொல்லிப் பழகுவோம். சீப்பு அதேதான், ஆனால் அதைப் பிடிக்கும் கையின் வேகம் தணியும். கண்ணாடியில் பிள்ளை தன்னைப் பார்க்கும் பார்வையும் மாறும்.