லூயிஸ் ப்ரூக்ஸைக் கண்டெடுத்தவர்கள்

பாப்ஸ்ட்டின் ‘பண்டோராவின் பெட்டி’யை (1929) நண்பர் ஒருவரின் அறைச் சுவரில் போட்டுப் பார்த்தோம், நாலு பேர். படம் முடிந்தும் வெகுநேரம் யாரும் பேசவில்லை. பிறகு பேசியதெல்லாம் லூலுவாக வந்த லூயிஸ் ப்ரூக்ஸைப் பற்றித்தான். ஆனால் பேச்சு சீக்கிரமே படத்தை விட்டு அவருடைய வீழ்ச்சிக்குப் போய்விட்டது. எனக்கு உறுத்துவது அது.

அவர் செய்வதை நடிப்பு என்று சொல்லவே தயக்கமாயிருக்கிறது. மௌனப் படங்களின் கண் உருட்டல், நெஞ்சில் கை வைத்தல் எதுவும் இல்லை. அறைக்குள் வருகிறார், சாய்கிறார், சிரிக்கிறார். உடம்பே யோசிக்கிறது. 1906இல் கான்ஸாஸில் பிறந்து, சிறு வயதிலேயே நடனக் குழுவில் சேர்ந்தவர். கூட ஆடிய மார்த்தா கிரஹாமைப் பார்த்தே நடிப்பைக் கற்றதாகச் சொல்லியிருக்கிறார். இவருக்கு நடிக்கத் தெரியவில்லை என்று அன்றே எழுதினார்கள். விமர்சகர்கள் எல்லா ஊரிலும் ஒரே ரகம்தான்.

சம்பள உயர்வு கிடைக்காததால் பாரமவுண்ட்டை உதறிவிட்டு பெர்லினுக்குப் போனவர் அவர். திரும்பியபோது, ஏற்கனவே மௌனமாக எடுத்திருந்த படமொன்றுக்குக் குரல் தரக் கூப்பிட்டார்கள். மறுத்தார். வேறொரு நடிகையின் குரலில் ஒப்பேற்றிவிட்டு, ப்ரூக்ஸின் குரல் பேசும்படத்துக்கு லாயக்கில்லை என்று கிளப்பிவிட்டார்கள். 1938இல் ஜான் வெய்னுடன் ஒரு கௌபாய் படம். அதோடு சரி. நாற்பதுகளில் நியூயார்க்கின் ஸாக்ஸ் கடையில் விற்பனைப் பெண். 1955இல் பாரிஸில் ஹென்றி லாங்லுவா அவரைக் கார்போவுக்கும் டீட்ரிச்சுக்கும் மேலே வைத்து முழங்கினார்.

“லூலு கடையில் நின்றாளே, என்ன கொடுமை!” என்றார் நண்பர். வங்கிக் கவுண்டரில் தினமும் உட்காருகிறவன் நான். என்னைப் பற்றி யாரும் அப்படிச் சொன்னதில்லை.

எழுதுவதை நிறுத்திவிட்ட கவிஞர் ஒருவரைப் பற்றிச் சில வருஷங்களுக்கு முன் ஒரு கட்டுரை எழுதினேன். அவருடைய வறுமைக்கு நாலு பக்கம், கவிதைகளுக்கு அரைப் பக்கம். நேரில் பார்த்தபோது, “கவிதையெல்லாம் படித்தீர்களா?” என்று மட்டும் கேட்டார். புறக்கணிக்கப்பட்டவர்கள் இல்லாவிட்டால் நம்மைப் போன்றவர்களுக்குக் கண்டெடுக்க என்ன இருக்கிறது?

ப்ரூக்ஸ் நமக்காகக் காத்திருக்கவில்லை என்றே தோன்றுகிறது. ராச்செஸ்டரில் குடியேறி, பழைய படங்களைப் போட்டுப் பார்த்து, விமர்சனம் எழுத ஆரம்பித்தார். சுயசரிதை எழுதமாட்டேன் என்பதற்கே ஒரு கட்டுரை எழுதியவர். 1985இல் இறப்பதற்கு மூன்று வருஷம் முன்பு வந்த ‘லூலு இன் ஹாலிவுட்’டில் டபிள்யூ. சி. ஃபீல்ட்ஸைப் பற்றி ஒரு கட்டுரை இருக்கிறது. ஸீக்ஃபெல்டின் மேடையில் உடனிருந்து பார்த்த அந்த முழு ஆள், காமிரா நெருங்க நெருங்க எப்படிக் குறைந்துபோனார் என்று சொல்கிறார். நடிப்பைப் பற்றி இவ்வளவு கறாராக எழுதியவர்கள் சொற்பம். தன்னிரக்கம் மருந்துக்கும் கிடையாது.

அந்தப் புத்தகம் கைக்கு வந்ததும் நான் முதலில் புரட்டித் தேடியது கடையில் நின்ற வருஷங்களைத்தான். ஃபீல்ட்ஸ் கட்டுரையை இரண்டு மாதம் கழித்துப் படித்தேன்.