செஞ்சிக் கோட்டையும் என் கையெழுத்தும்

ஹஜ்ஜுப் பெருநாள் விடுமுறைக்கு முகையூர் வந்திருந்த என் பேரன், கற்பனைக் கதை ஒன்றில் மூழ்கிக் கிடந்தான். அக்கதையின் நாட்டில் காலம் நிலையாக நில்லாதாம்; நேற்றும் நாளையும் ஒரே தெருவில் எதிரெதிரே நடமாடுமாம். "அந்த நாட்டில் வீடுகளை எந்தப் பாணியில் கட்டுவார்கள், நன்னா?" என்று கேட்டான்.

"நாளை காட்டுகிறேன்" என்றேன்.

மறுநாள் விழுப்புரம் வழியாகச் செஞ்சிக்குச் சென்றோம். நாயக்கர் ஆண்ட அக்கோட்டை 1649இல் பீஜப்பூர் சுல்தானின் படைக்கும், 1677இல் சிவாஜிக்கும், 1698இல் மொகலாயருக்கும், 1750இல் பிரெஞ்சுக்காரருக்கும், 1761இல் ஆங்கிலேயருக்கும் கைமாறியது. வந்தவர் போனார், கட்டடங்கள் நின்றன. வளைவுகள் சூழ்ந்த முற்றத்தின் நடுவே அடுக்கடுக்காய் எழுந்து, கூம்பிய கூரையோடு முடிகிறது கல்யாண மகால். கிருஷ்ணகிரி உச்சியில் ஒருபுறம் கோயில். மறுபுறம் கூரான வளைவுகளின்மேல் கவிகை மாடம் தாங்கிய அத்தாணி மண்டபம். வேங்கடரமணர் கோயிலின் ஒற்றைக்கல் தூண்கள் சிலவற்றைப் பிரெஞ்சுக்காரர் புதுச்சேரிக்குக் கொண்டுபோயினர். செஞ்சித் தூண்கள் இன்று அங்குக் கடற்கரையில் காந்தி சிலையைச் சூழ்ந்து நிற்கின்றன.

"பார்த்தாயா? காலம் கலைந்த நாட்டின் கட்டடக்கலை இதுதான்" என்றேன். 1714இல் நவாப் சஆதத்துல்லாகானை எதிர்த்து மடிந்த தேசிங்குராஜனையும், தன் திருமணப் பந்தலைவிட்டு எழுந்து வந்து அவனுக்காக உயிர்நீத்ததாக நாட்டுப்பாடல் போற்றும் முஸ்லிம் நண்பனையும் பற்றிச் சொன்னேன். நவாபின் பெயர் தாங்கிய பள்ளிவாசலின் முன் வந்து நின்றோம். அது 1717-18ஆம் ஆண்டைச் சேர்ந்தது.

பேரன் சுற்றிலும் பார்த்துவிட்டுக் கேட்டான்: "இவற்றுள் நம்முடைய பாணி எது, நன்னா? குவிமாடமும் மினாராவும் உள்ளவை மட்டும்தானே?"

அச்சொல் என் நெஞ்சில் தைத்தது. இதே சொல்லைப் பல்லாண்டுகளுக்கு முன் நானே ஒரு கூட்டத்தில் சொல்லியிருக்கிறேன்.

நான் வணிகம் செய்துவந்த கடலோர ஊரில் பழைய பள்ளிவாசல் ஒன்று இருந்தது. கருங்கல் தூண்கள், பூமொட்டுப் போதிகைகள், தட்டையான கல் விதானம். கோடை நண்பகலிலும் உள்ளே குளிர்ந்திருக்கும். "இது மண்டபம் போலிருக்கிறது, பள்ளிவாசல் போல் இல்லை" என்று ஜமாஅத்தார் சிலர் கூறினர். நானும் தலையசைத்தேன். இடித்துக் கட்டும் தீர்மானத்தில் என் கையெழுத்தும் விழுந்தது. ஓராண்டில் சிமெண்டுக் குவிமாடம் எழுந்தது. முதுமையில் தூண் ஒன்றில் சாய்ந்து குர்ஆன் ஓதிவந்த பெரியவர் ஒருவர் புதிய கட்டடத்திற்கு வந்து, சாய இடம் தேடிச் சுற்றுமுற்றும் பார்த்தார். அந்தப் பார்வையை நான் இன்னும் மறக்கவில்லை.

எது நம்முடைய பாணி? நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் ஹிஜ்ரத்திற்குப் பின் மதீனாவில் எழுப்பிய பள்ளிக்குச் சுவர் பச்சைச் செங்கல். தூண் பேரீச்ச மரம். கூரை பேரீச்ச ஓலை. மழை பெய்தால் ஒழுகும். ஈர மண்ணில் அண்ணலார் ஸுஜூது செய்ததை ஹதீஸ் சொல்கிறது. அன்று மினாரா இல்லை. பிலால் (ரலி) அவர்கள் உயர்ந்ததொரு வீட்டின் மேலேறிப் பாங்கு சொன்னார்கள். நபிகளாரின் அடக்கவிடத்தின்மேல் குவிமாடம் எழுந்தது 1279இல்தான். அது பச்சை நிறம் பெற்றது 19ஆம் நூற்றாண்டில். காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் தமிழ்நாட்டுக் கல்தச்சர்கள் உருவங்களை விலக்கி, பூவும் கொடியும் செதுக்கி எழுப்பிய தூண் மண்டபங்கள், அந்தப் பேரீச்சந்தூண் பள்ளிக்கு அயலானவையா?

குவிமாடத்தை நான் குறை கூறவில்லை. தில்லியிலும் பீஜப்பூரிலும் அது அந்தந்த மண்ணின் கைத்திறனாய் மலர்ந்தது. ஆனால் அதுவே இஸ்லாம் என்னும் எண்ணம் நம்மவருக்கு எப்படி வந்தது? சென்னையில் 1879இல் முடிந்த செனட் இல்லத்தையும் 1892இல் திறக்கப்பட்ட உயர்நீதிமன்றத்தையும் நோக்குங்கள். பல நூற்றாண்டுகளின் வளைவுகளையும் மாடங்களையும் ஒன்றாய்ச் சேர்த்து ஆங்கிலேயப் பொறியாளர்கள் புனைந்த அப்பாணிக்கு 'இந்தோ-சாரசெனிக்' என்று பெயர். சாரசென் என்பது ஐரோப்பியர் முற்காலத்தில் முஸ்லிம்களுக்கு இட்ட பெயர். நம் பேரைச் சொல்லிப் பிறர் புனைந்த தோற்றத்தில் நம்மைத் தேடிவிட்டு, நம் பாட்டனார் தொழுத தூண்களை அந்நியம் என்றோம்.

இவற்றையெல்லாம் திரும்பும் வழியில் பேரனிடம் சொன்னேன், கையெழுத்தையும் மறைக்கவில்லை. சற்று நேரம் பேசாதிருந்தான். பிறகு, "அந்தத் தூண்கள் இப்போது எங்கே, நன்னா?" என்றான்.

ஒன்று மட்டும் ஹவுழருகே படிக்கல்லாய்க் கிடக்கிறது. மற்றவை எங்கே போயின என்று நான் கேட்கவே இல்லை.

செஞ்சிக் கோட்டை 2025இல் உலகப் பாரம்பரியச் சின்னங்களின் வரிசையில் இடம்பெற்றது. அதன் கற்களுக்கு இனிக் காவல் உண்டு. நம் சிற்றூர்ப் பள்ளிகளின் தூண்களுக்கு முத்தவல்லியும் ஜமாஅத்துமே காவல். இடம் போதவில்லையென்றால் அருகே விரித்துக் கட்டலாம். இடிக்கும் தீர்மானம் உங்கள்முன் வந்தால், பேனாவை எடுக்குமுன் அந்தத் தூணில் ஒருமுறை சாய்ந்து அமர்ந்து பாருங்கள். நான் அதைச் செய்யவில்லை. அல்லாஹ் என்னை மன்னிப்பானாக.