மணியாச்சியில் சுட்டது ரிவால்வர் இல்லை

வாஞ்சிநாதன் ஆஷ் துரையைச் சுட்ட கதை எங்க ஊர்ப் பக்கம் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். 1911 ஜூன் 17, மணியாச்சி ஜங்ஷன், போட் மெயிலுக்காகக் காத்து நின்ற ரயில் பெட்டி. ஆனா என்ன துப்பாக்கின்னு கேட்டா, சினிமா பார்த்த ஞாபகத்துல பலரும் ‘ரிவால்வர்’னு சொல்லிடுவாங்க. அது பெல்ஜியத்தில் செய்த பிரௌனிங் ஆட்டோமேட்டிக் பிஸ்டல். ‘எந்தத் துப்பாக்கியா இருந்தா என்ன டாக்டர்?’னு கேட்கலாம். விஷயமே அதுலதான் இருக்கு. இழை கொஞ்சம் நீளம், டீ எடுத்துட்டு வந்துடுங்க.

கட்டபொம்மன் காலத்து வெள்ளைக்கார அதிகாரி இடுப்பில் இருந்தது சக்கிமுக்கிக் கல் வச்ச பிஸ்டல். ஒரே ஒரு குண்டு. மழை பெய்தா அதுவும் சந்தேகம். சுட்டு முடிச்சதும் வாளை உருவ வேண்டியதுதான். 1836ல் அமெரிக்காவில் கோல்ட் சுழல் துப்பாக்கிக்குக் காப்புரிமை வாங்கினார். 1887ல் பிரிட்டிஷ் ராணுவம் வெப்லியை எடுத்துக்கிச்சு. ஆறு தோட்டா, கிட்டத்தட்ட ஒரு கிலோ எடை, நடுவுல உருளை புடைச்சு நிற்கும். இடுப்புல உறை போட்டு, எல்லாரும் பார்க்க மாட்டிக்கிற ஆயுதம். அதிகாரத்துல இருக்கிறவனுக்கு அதை மறைக்க வேண்டிய அவசியம் இல்லையே!

அடுத்த மாற்றம் வெடிமருந்தில். பழைய கரிமருந்து சுட்டா புகையும் கசடும் கக்கும். நகரும் பாகங்கள் சீக்கிரமே அடைச்சுக்கும். 1884ல் பிரான்ஸில் வியேய் புகையில்லா வெடிமருந்தைக் கண்டுபிடிச்ச பிறகுதான், சுடும்போது பின்னோக்கி உதைக்கிற விசையை வச்சே காலித் தோட்டாவை வெளியே தள்ளி, அடுத்ததை ஏற்றுற பிஸ்டல் சாத்தியமாச்சு. ஜெர்மனியில் 1896ல் மௌசர். பெல்ஜியத்தின் எர்ஸ்டால் தொழிற்சாலையில் ஜான் பிரௌனிங் வடிவமைச்சதை 1900ல் அந்த நாட்டு ராணுவமே ஏத்துக்கிச்சு. ஏழு தோட்டாவும் கைப்பிடிக்குள்ளயே அடுக்கியிருக்கும். எடை 600 கிராமுக்குக் கொஞ்சம் மேல. தட்டையா இருக்கும். கோட்டுப் பைக்குள்ள போட்டா வெளியே தெரியாது.

அதே காலத்துல ராணுவங்கள் எதிர்த் திசையில பெரிய குண்டைத் தேடி ஓடின. காலனி நாட்டு ஆள் சின்னக் குண்டுக்கு விழ மாட்டேங்கிறான்னு புகார். அதுக்காகவே கல்கத்தா பக்கம் டம்டம் தொழிற்சாலையில் உடம்புக்குள்ள விரியிற ரைஃபிள் குண்டு செஞ்சாங்க. வெப்லிக்கும் ‘மேன்ஸ்டாப்பர்’னு ஒரு குண்டு வந்தது. விரியும் குண்டை 1899 ஹேக் மாநாடு தடை பண்ணவும் அதைக் கைவிட்டாங்க. பிலிப்பைன்ஸில் இதே புகார் அமெரிக்கர்களுக்கும். 1904ல் தாம்ப்ஸன், லகார்ட்னு ரெண்டு அதிகாரிகள் சிகாகோ இறைச்சிக் கூடத்து மாடுகள் மேலயும் மனிதப் பிணங்கள் மேலயும் சுட்டுச் சோதிச்சாங்க. இதில் லகார்ட் ஒரு டாக்டர். படிச்சப்போ எனக்கு வயித்தைப் பிசைஞ்சது. காயத்தைத் தைக்கக் கத்துக்கிட்ட கை, எந்தக் குண்டு நல்லாக் காயம் பண்ணும்னு குறிப்பெழுதியிருக்கு. .45 குண்டுதான் வேணும்னு முடிவு சொன்னாங்க. அதுக்கு பிஸ்டல் செஞ்சு கொடுத்ததும் அதே பிரௌனிங்தான். அமெரிக்க ராணுவம் அதை ஏத்துக்கிட்டது 1911 மார்ச் 29. மணியாச்சிக்கு 80 நாள் முன்னாடி.

சரி, டாக்டரா ஒண்ணு சொல்றேன். கைத்துப்பாக்கிக் குண்டு மெதுவானது. விநாடிக்கு 250லிருந்து 400 மீட்டர். ரைஃபிள் குண்டு அதைப் போல ரெண்டு மூணு மடங்கு வேகம். போற பாதையைச் சுத்தியிருக்கிற சதையையும் கிழிச்சிடும். (2018ல் எங்க ஊர்ல வேன் மேல நின்னு சுட்டது ரைஃபிள்.) பிஸ்டல் குண்டு பெரும்பாலும் தான் தொட்ட இடத்தைத்தான் துளைக்கும். அதனால குண்டோட பருமனை விட, அது இதயத்துல பட்டதா, பெரிய ரத்தக் குழாயில பட்டதா, தொடைச் சதையில பட்டதாங்கிறதுதான் உயிரைத் தீர்மானிக்கும்.

அதனாலதான் அந்தச் சின்ன பிஸ்டல் அவ்வளவு முக்கியமாச்சு. பக்கத்துல போக முடிஞ்சா போதும். லண்டனிலிருந்து சாவர்க்கர் 20 பிரௌனிங்குகளைப் பெட்டியோட கள்ள அடித்தட்டில் மறைச்சு அனுப்பினார். 1909 டிசம்பரில் நாசிக் கலெக்டர் ஜாக்ஸன் செத்தது பிரௌனிங் குண்டில். புனலூரில் காட்டிலாகா குமாஸ்தாவா இருந்த வாஞ்சிக்கு, பிரெஞ்சுப் புதுச்சேரியில் சுடப் பழக்கினவர் வ.வே.சு. ஐயர். வ.உ.சி.யோட சுதேசிக் கப்பல் கம்பெனியை நசுக்கினதில் ஆஷுக்குப் பங்கு உண்டுங்கிற கோபம் இந்தக் கடற்கரைக்கே இருந்தது. கப்பலுக்கு லட்சக் கணக்கில் பங்கு திரட்டணும். பிஸ்டலுக்கு ஒரு சட்டைப் பை போதும். ராணுவ அதிகாரிக்காகச் செஞ்ச சாமான் ஒரு குமாஸ்தா கையில வந்து நின்னது. 1914ல் சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசரைச் சுட்டதும் அதே எர்ஸ்டால் தொழிற்சாலைச் சரக்கு. அதே வருஷம் கல்கத்தாவில் ராடா கம்பெனிச் சரக்கிலிருந்து 50 மௌசர்களைப் புரட்சிக்காரங்க கடத்தினாங்க.

பிரௌனிங் 1926ல் இதயம் செயலிழந்து பெல்ஜியத்திலேயே இறந்தார். பாதியில விட்ட வடிவத்தை அவர் கூட வேலை பார்த்த சைவ்ங்கிறவர் 1935ல் முடிச்சார். அந்த 9 மி.மீ. பிஸ்டலை நம்ம இஷாப்பூர் தொழிற்சாலை செஞ்சு கொடுக்க, இந்திய ராணுவ அதிகாரிகள் இடுப்புல பல வருஷமா இருக்கிறது அதுதான். இப்ப உறை போட்டு, எல்லாரும் பார்க்க.

ரைஃபிள் காயம் பத்திச் சிலர் கேட்டிருந்தீங்க. அது தனி இழை, எழுதுறேன். இப்ப நைட் ட்யூட்டிக்கு நேரமாச்சு.