தகப்பனின் கடை

மகள் லிசேயில் அடுத்த வருடம் என்ன பாடங்கள் எடுப்பதென்று வீட்டில் இரண்டு கிழமையாகச் சண்டை. நான் கணிதம் என்கிறேன். அவளுக்குச் சினிமா படித்துத் திரைக்கதை எழுத வேண்டுமாம். "எங்கட ஆக்களில ஆர் உதை எழுதிச் சோறு திண்டவன்?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. "ரொமேஷ் ரங்கநாதன்" என்று கைத்தொலைபேசியை நீட்டினாள்.

பெயர் புதிதல்ல. லண்டன் மச்சான் வீட்டுத் தொலைக்காட்சியில் கண்ணாடியும் தாடியுமாக வந்து, தான் சிரிக்காமல் சனத்தைச் சிரிக்க வைப்பவர். வெறும் பகிடிக்காரர் என்றே நினைத்திருந்தேன்.

பெற்றோர் 83 கலவரத்துக்கு முன்னரே இங்கிலாந்து போன இலங்கைத் தமிழர். 1978இல் குரோலியில் பிறந்தார். தகப்பன் மோசடி வழக்கில் சிறை சென்றதையும் வீடு பறிபோனதையும் அவரே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். பிறகு, தான் படித்த ஹேசல்விக் பள்ளியிலேயே கணித ஆசிரியர். நண்பர்களே, அந்த வேலையை விட்டுவிட்டுத்தான் மனிதர் மேடையேறியிருக்கிறார்! யாழ் பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்து, 2006இல் பாதை மூடியதோடு பாதியில் விட்ட எனக்கு வயிறு எரிந்தது.

ஈஸ்ற் கிரின்ஸ்ரெட்டில் பப் நடத்திய அவருடைய தகப்பன் 2011இல் இறந்தார். 2018இல் ஸ்கை வன்னில் 'த ரிலக்ரன்ற் லாண்ட்லோர்ட்' என்ற தொடரை ரொமேஷ் எழுதி நடித்தார். செத்துப்போன தகப்பனின் பப், விருப்பமில்லாத மகன் தலையில் விழுகிற கதை. 2019 வரை இரண்டு பருவங்கள் ஓடியது. 2022இல் பென்ஜமின் கிரீனோடு சேர்ந்து பிபிசிக்கு 'அவொய்டன்ஸ்' எழுதினார். அதில் எந்தப் பிரச்சினைக்கும் முகம்கொடுக்காத ஒரு தகப்பன்.

தகப்பன் விட்டுப்போன கடையை அவர் கதையாக்கினார். நான் என்ன விட்டுப்போவேன்? பாடசாலைப் படிவங்களில் தகப்பன் தொழில் 'சமையற்காரர்' என்று எழுதுகிறேன். முதல் ஆறு வருடம் கோப்பை கழுவியது அவளுக்குத் தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை லாச்சப்பலில் மரக்கறி வாங்கிக்கொண்டு வரும்போது கேட்டாள்: "அப்பா, உங்கட குசினியில என்னதான் நடக்கும்?"

சொன்னேன். விசா இல்லாத காலம். ஒருநாள் பரிசோதகர்கள் வந்தார்கள். முதலாளி என்னைக் குளிரறைக்குள் தள்ளிக் கதவைச் சாத்தினார். சலாட் பெட்டிகளுக்கு நடுவில், நடுக்கம் தெரியாமலிருக்க மனதுக்குள் தொகையீட்டுக் கணக்குகள் செய்துகொண்டிருந்தேன். நாலாவது கணக்கில் கதவு திறந்தது. "கெதியா வா, கோப்பை குவிஞ்சு கிடக்கு" என்றார் முதலாளி.

நான் பகிடியாகத்தான் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. மெட்ரோப் படிக்கட்டில் நின்று, "பிறகு?" என்றாள்.

இதுவரை என்னிடம் யாரும் "பிறகு?" என்று கேட்டதில்லை. அகதி விசாரணையில்கூட "ஆதாரம்?" என்றுதான் கேட்டார்கள்.

படிவத்தில் கையெழுத்து வைத்துவிட்டேன். சினிமாவோடு கணிதத்தையும் எடுக்கச் சொல்லியிருக்கிறேன். ரங்கநாதனும் முதலில் கணக்கு வாத்தியார்தானே!